கமலவேணியின் பொம்மைகளுக்கு நகம் வளர்ந்த விவரம்

தட்டாஞ்சாவடி தொழிற்பேட்டையில் கமலவேணி நடத்திவந்த கம்பெனியில் செய்த பொம்மைகளுக்கு இரண்டாயிரத்துப் பதினைந்தாம் வருஷம் ஐப்பசி மாதத்திலிருந்து நகம் வளர ஆரம்பித்தது. வலது கையில் மட்டும், அதிலும் ஆள்காட்டி விரல், நடுவிரல், மோதிர விரல் மூன்றில் மட்டும். வாரத்துக்கு அரை நெல் நீளம் வளரும். வெயில் காலத்தில் கொஞ்சம் கூடுதல். அதுவரை பொம்மையின் விலை நூற்று நாற்பது ரூபாய். நகம் வளர்கிற சங்கதி பரவிய பிறகு நூற்று அறுபத்தைந்து ஆக்கி, பெட்டிக்குள் ஒரு சின்ன நகவெட்டியையும் வைத்துக் கொடுத்தார்கள். நேரு வீதிக் கடைக்காரர்கள் முதல் மாதம் இதைப் பற்றிப் பேசினார்கள். அடுத்த மாதம் மழை பிடித்துக்கொண்டது, மழையைப் பற்றிப் பேசினார்கள்.

கமலவேணி முதலியார்பேட்டையில் ஒரு சந்தில் பிறந்தவள். அப்பாவுக்கு மில்லில் தறி வேலை. மில் வாரத்தில் மூன்று நாள், பிறகு இரண்டு நாள் என்று ஓடி, கடைசியில் சங்கு மட்டும் ஊதுகிற நிலைக்கு வந்தபோது அவளுக்குப் பதினேழு வயது. அதே சந்தில் நாலு வீடு தள்ளி இருந்த ஜெயத்தைச் சேர்த்துக்கொண்டு கடற்கரைச் சாலையில் பலூன் விற்கப் போனாள். ஜெயத்துக்கு நீளமான விரல்கள். ஒரு பலூனை நாயாகவும் முயலாகவும் முறுக்கிக் கொடுக்க அவளுக்கு அரை நிமிஷம் போதும். உடைந்த பொம்மை எதைக் கொடுத்தாலும் சரிசெய்து கொடுத்துவிடுவாள். கமலவேணிக்குக் கைவேலை வராது. அவளுக்குக் குழந்தைகளைப் பார்க்கத் தெரியும். வரிசையாக வருகிற குடும்பங்களில் எந்தக் குழந்தை அழும், எந்த அப்பா அழுகைக்குப் பயப்படுவார் என்று தூரத்திலேயே கண்டுபிடித்துவிடுவாள். நேராகப் போய் அந்தக் குழந்தையின் கையில் பொம்மையைக் கொடுப்பாள். பத்து எண்ணுவாள். பிறகு பிடுங்கிக்கொள்வாள்.

"காட்டுனா பாத்துட்டுப் போயிடும்டி. கையில குடுத்துட்டுப் புடுங்கணும். அப்பத்தான் அழும்" என்று ஜெயத்துக்குச் சொல்லிக்கொடுத்தாள்.

"பாவம்டி வேணி."

"வாங்கிக் குடுத்துட்டா சிரிக்கப் போவுது. இன்னா பாவம்?"

பலூனுக்குப் பிறகு காற்றாடி, அதற்குப் பிறகு தண்ணீர்த் துப்பாக்கி. இரண்டாயிரத்து எட்டில் தட்டாஞ்சாவடியில் பிளாஸ்டிக் வாளி செய்துகொண்டிருந்த ஒரு கம்பெனி மூடிக்கொண்டபோது, அவர்களுடைய பழைய மோல்டிங் மெஷின் ஒன்றைக் கமலவேணி எடுத்தாள். அவள் கணவன் கலைவாணன் லேத் பட்டறைக்காரன். பொம்மை வார்க்கிற இரும்பு அச்சை, முதல் டையை, அவனே கடைந்து கொடுத்தான். மூன்று வருஷம் கழித்து மஞ்சள்காமாலையில் செத்துப்போனான். பதினாறாம் நாள் காரியம் முடிந்த அன்று மத்தியானமே ஷெட்டில் மெஷின் ஓடியது. அப்போது மகள் தாமரைச்செல்விக்கு இரண்டு வயது. கமலவேணி அவளை அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் படுக்கவைத்துவிட்டு நூறு பொம்மைக்குச் சட்டை மாட்டினாள் என்பதை அங்கே வேலை செய்தவர்கள் பெருமையாகத்தான் சொல்கிறார்கள்.

மெஷினில் முதன்முதலாக நின்றவள் ஜெயம். அவளுக்குக் கல்யாணம் ஆகி, குழந்தை இல்லை என்று புருஷன் விட்டுவிட்டுப் போய், மூலக்குளத்தில் ஒரு வாடகை அறையில் தனியாக இருந்தாள். ஆட்கள் பத்து, இருபது என்று ஏறியபோது ஒருநாள் கமலவேணி அவளைக் கூப்பிட்டாள்.

"மத்தவங்க எதிர்ல வேணின்னு கூப்பிடாத ஜெயம். நல்லா இருக்காது."

"சரி வேணி."

"பாத்தியா."

"சரி மேடம்" என்றாள் ஜெயம்.

இரண்டாயிரத்துப் பதினைந்தில் 'அம்மு' என்று பெயர் வைத்து ஓரடி உயரப் பெண் பொம்மை ஒன்றைக் கமலவேணி இறக்கினாள். அம்முவின் கை டையை ஜெயத்திடம் கொடுத்தாள், பிசிர் இல்லாமல் கையை எடுக்க அவளால்தான் முடியும் என்று. தீபாவளிக்குள் நாலாயிரம் பொம்மை போக வேண்டும். அந்த மெஷினுக்கு ஒரு கதவு உண்டு. கதவை மூடினால்தான் டை மூடும், திறந்திருந்தால் அப்படியே நின்றுவிடும். அதற்காகவே ஒரு சுவிட்ச் வைத்திருந்தார்கள். ஒவ்வொரு முறையும் கதவைத் திறந்து மூட நாலு விநாடி வீணாகிறது என்று கமலவேணி வாட்சைப் பார்த்துச் சொன்னாள். மெக்கானிக் ஆதிமூலத்தைக் கூப்பிட்டு அந்த சுவிட்சைக் கம்பியால் கட்டிவிடச் சொன்னாள். ஆதிமூலம் தலையைச் சொறிந்தான். "கைய வெச்சுடுவாங்க மேடம்" என்றான். "ஜெயம் வைக்க மாட்டா" என்றாள் அவள். பதினொரு நாள் வைக்கவில்லை. பன்னிரண்டாம் நாள் காலை பத்தரை மணிக்கு வைத்தாள்.

சத்தம் கேட்டு ஓடிவந்த கமலவேணி முதலில் ஆதிமூலத்தைப் பார்த்து, "டைக்கு ஒண்ணும் ஆகலயே?" என்று கேட்டாள். அவள் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை, டீ ஆச்சா என்று கேட்பதுபோலத்தான் கேட்டாள் என்று ஆதிமூலம் இன்றைக்கும் சொல்கிறான். பிறகு தன் முந்தானையைக் கிழித்து ஜெயத்தின் கையில் சுற்றியதும் அவள்தான். ஆட்டோவில் ஜெயத்தின் தலையை மடியில் வைத்துக்கொண்டு போனாள்.

"எப்படி ஆச்சுன்னு கேப்பாங்க. வீட்ல கிரைண்டர்ல மாட்டிக்கிச்சுன்னு சொல்லு."

"வீட்ல கிரைண்டர் இல்லயே" என்றாள் ஜெயம். கண்ணைத் திறக்காமலேயே சொன்னாள்.

"நான் வாங்கித் தரேன். கம்பெனின்னு சொன்னா இழுத்து மூடிடுவாங்கடி. நாப்பது பேரு நிப்பாங்க தெருவுல. நீ எனக்காக இத மட்டும் சொல்லு, கடைசி வரைக்கும் உன்ன நான் பாத்துக்கறேன். தாமரை மேல சத்தியம்."

ஜெயம் அப்படியே சொன்னாள். அவள் ஆஸ்பத்திரியிலிருந்து திரும்புவதற்குள் மூலக்குளத்து அறையில் புது கிரைண்டர் வந்து இறங்கியிருந்தது. மூன்று விரல்கள் போய்விட்டன. மெஷினில் தேடிப் பார்த்தார்கள், கிடைக்கவில்லை. ஆதிமூலம் ஓடிப்போய் நிறுத்துவதற்குள் மெஷின் இன்னும் இரண்டு முறை மூடித் திறந்திருந்தது. டையைக் கழுவித் துடைத்து மறுநாள் காலை வேறொரு பெண்ணை நிறுத்தினார்கள். அன்றிலிருந்து அந்த டையில் விழுந்த கைகள் எவ்வளவு நேரம் ஆனாலும் ஆறவில்லை. உடம்புச் சூட்டிலேயே இருந்தன. எட்டாம் நாள் நகம் தெரிந்தது.

கமலவேணி அதை முதலில் பூஞ்சை என்று நினைத்தாள். பிளாஸ்டிக் மூட்டையை மாற்றிப் பார்த்தாள். டையை ஆதிமூலத்திடம் கொடுத்து மூன்று முறை பாலிஷ் போடச் சொன்னாள். அதற்குள் போன சரக்கு போய்விட்டது. சென்னை பாரிமுனையிலிருந்து மொத்த வியாபாரி போன் செய்தபோது, திருப்பி அனுப்பப்போகிறார் என்று நினைத்து மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். அவர் இன்னும் ரெண்டாயிரம் கேட்டார். நகம் வெட்ட விடாமல் அடம்பிடிக்கிற குழந்தைகள்கூட அம்முவுக்கு வெட்டுவதைப் பார்த்துவிட்டுக் கையை நீட்டுகிறார்களாம். அம்மாக்கள் ஒருத்தருக்கு ஒருத்தர் சொல்லி வாங்குகிறார்களாம். அடுத்த வாரமே பெட்டியில் 'நகம் வளரும் அம்மு' என்று அச்சாகியது.

மூன்று மாதம் கழித்து ஜெயம் வேலைக்கு வந்தாள். இடது கையால் செய்கிற வேலையாக ஒன்று வேண்டுமே என்று கமலவேணி யோசித்து, பெட்டியில் போடுவதற்கு முன் பொம்மைகளுக்கு நகம் வெட்டுகிற மேஜையில் அவளை உட்காரவைத்தாள். அந்த மேஜையில் ஆறு பெண்கள். முதல் நாளே ஒரு விஷயம் தெரிந்தது. யாராவது அவசரத்தில் சதையோடு சேர்த்து வெட்டிவிட்டால், மேஜையின் மறுகோடியில் ஜெயம் துள்ளினாள். அவளுக்கு முதுகு காட்டி உட்கார்ந்து செய்தாலும் துள்ளினாள். சுவருக்கு அந்தப்பக்கம் வைத்துக் குண்டூசியால் குத்தினாலும் துள்ளினாள். இதை வைத்து அந்தப் பெண்கள் டீக்குப் பந்தயம் கட்டினார்கள். குத்தினது எந்த விரல் என்று ஜெயம் சரியாகச் சொல்லிவிட்டால் குத்தினவள் டீ வாங்க வேண்டும். ஜெயம் ஒரு தடவைகூடத் தவறிச் சொல்லவில்லை. அதனால் அவளுக்கும் ஒரு டீ கொடுத்தார்கள்.

வெளியே போன பொம்மைகளும் அவளை விடவில்லை. இல்லாத விரல் வலிப்பது சகஜம்தான் என்று ஆஸ்பத்திரி டாக்டர் சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார். ஆனால் ஜெயத்துக்கு வெறும் வலியாக வரவில்லை. எங்கேயோ ஒரு குழந்தை நடுவிரலைக் கடித்துக்கொண்டே இருந்தது, பல் முளைக்கிற குழந்தை. ஒன்று தினமும் மோதிர விரலைச் சாம்பாரில் முக்கியது. ஒன்று கதவிடுக்கில் வைத்துக் கதவைச் சாத்தியது. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டுப் பிரான்சுக்குக் குடிபோன சொல்தா குடும்பத்துக்காரர்கள் லீவுக்கு வந்துவிட்டுப் பேரப்பிள்ளைகளுக்கு அம்மு வாங்கிக்கொண்டு போக ஆரம்பித்ததும், மார்கழி தை மாதங்களில் அவளுக்கு மொட்டைக் கையில் குளிர் கடித்தது. அதன் மேல் ஒரு துணிப்பையைச் சுற்றிக்கொண்டு வெயிலில் போய் நின்றாள். குப்பையில் போன பொம்மைகளும் இருந்தன. அவற்றின் மேல் எறும்பு ஊர்வதும் மழை விழுவதும் தெரிந்தது. ஆரம்பத்தில் எல்லாம் ஒரே இரைச்சலாக இருந்தது. போகப் போக, மீன் மார்க்கெட்டில் தெரிந்தவர் குரல் மட்டும் காதில் விழுமே அதுபோல, ஒவ்வொன்றாகப் பிரித்துக் கண்டுகொள்ளப் பழகினாள்.

அப்படி அவள் பிரித்து வைத்துக்கொண்டதில் ஒரு கை இருந்தது. நாலைந்து வயசுக் கை. தினமும் மத்தியானம் நடுவிரலைப் பிடித்துக்கொண்டு தூங்கும். முதலில் சாதாரணமாக இருந்த கை ஒரு சித்திரை மாதத்திலிருந்து சூடாக இருந்தது. இருபது நாள் சூடு இறங்கவில்லை. பிடி மட்டும் தளர்ந்துகொண்டே வந்தது. ஜெயம் வேலையை விட்டுவிட்டுக் கமலவேணியின் அறைக்கு ஓடினாள்.

"அது எந்த ஊருன்னு மட்டும் பாத்துச் சொல்லு மேடம். ஒரு கொழந்தைக்கு ஜொரம் வுடல."

"ஒரு லட்சம் பீஸ் போயிருக்குடி. எந்த ஊருன்னு எங்க போய்த் தேடறது?"

"கடைக்காரங்களக் கேட்டுப் பாரேன்."

"கேட்டு? நீ போய் ஜொரத்த எறக்கப் போறியா?"

இரண்டு நாள் கழித்து மத்தியானம் அந்தக் கை விரலை விட்டது. பிறகு பிடிக்கவில்லை. வேறு யாரோ ஒருத்தர், பெரியவர், அந்த மூன்று விரல்களையும் ரொம்ப நேரம் தடவிக்கொண்டிருந்துவிட்டுப் பொம்மையை எங்கோ உள்ளே வைத்து மூடினார். ஜெயம் மூன்று நாள் சாப்பிடவில்லை. நாலாம் நாள் வந்து, டையை உடைத்துவிடச் சொன்னாள். ஏற்கெனவே போன பொம்மைகள் போகட்டும், இனிமேல் செய்ய வேண்டாம் என்றாள்.

கமலவேணி அவளிடம் மாட்டேன் என்று சொல்லவில்லை. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் எல்லாப் பெண்களையும் ஷெட்டில் கூட்டி, "ஜெயம் ஒண்ணு கேக்கறா. டைய ஒடைச்சுடணுமாம். அம்முவ நிறுத்திட்டா கம்பெனி இல்ல. நீங்களே சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு நகர்ந்துகொண்டாள். செந்தமிழ்ச்செல்வி என்கிற பெண், நகம் வெட்டுகிற மேஜையில் ஜெயத்துக்குப் பக்கத்தில் உட்காருகிறவள், சாப்பாட்டு டப்பாவை மூடிவிட்டுச் சொன்னாள்: "உனக்கு மூணு வெரலு போச்சு, தனி ஆளு. எங்களுக்குப் பத்து வெரலும் இருக்குக்கா. வூட்டுல அஞ்சு வாயி இருக்கு." மற்றவர்கள் தலையாட்டினார்கள். சாயங்காலம் இரண்டு பேர் ஜெயத்தின் மூலக்குளத்து அறை வரைக்கும் வந்து, இதைப் பற்றி வெளியில் எங்கேயும் பேச வேண்டாம் என்று நல்ல முறையில் கேட்டுக்கொண்டார்கள். வந்ததற்குக் கிரைண்டரில் மாவு அரைத்துக்கொண்டு போனார்கள்.

ஜெயம் சொன்னதில் கமலவேணிக்கு வேறொரு விஷயம் பிடிபட்டிருந்தது. ஜொரக் குழந்தையை அவள் மறந்துவிட்டாள். பிடிப்பு, கடி, முக்கல், இழுப்பு என்று ஜெயம் சொன்ன மற்றவற்றை மறக்கவில்லை. தன் அறைக்குப் பக்கத்தில் ஏசி போட்ட சின்ன அறை ஒன்றைத் தடுத்து, ஒரு சாய்வு நாற்காலியும் போட்டு ஜெயத்தை அங்கே மாற்றினாள். வேலை ஒன்றும் இல்லை. காலை பதினொரு மணிக்கும் சாயங்காலம் ஐந்து மணிக்கும் கமலவேணி வந்து எதிரில் உட்கார்ந்து, "இன்னிக்கு இன்னா பண்ணாங்க?" என்று கேட்பாள். ஜெயம் சொல்வாள். கடிக்கிறார்கள் என்றதும் பல் முளைக்கிற குழந்தைகளுக்கான ரப்பர் வளையம் வந்தது. தண்ணீரில் முக்குகிறார்கள் என்றதும் குளிக்கிற பொம்மை வந்தது. ஒரு வருஷம் ஆடி மாதத்தில் பிய்த்துப் பிய்த்துப் பார்க்கிறார்கள் என்று ஜெயம் அழுதுகொண்டே சொன்னபோது, கழற்றி மாட்டுகிற பொம்மை வந்தது. எதுவும் தோற்கவில்லை. குழந்தைகள் மனசு இந்த அம்மாவுக்கு எப்படித் தெரிகிறது என்று டில்லியில் இருந்துகூட வந்து பார்த்துவிட்டுப் போனார்கள்.

இரண்டாயிரத்துப் பத்தொன்பதில் சிறந்த பெண் தொழில்முனைவோர் என்று ஒரு சங்கத்தார் கடற்கரைப் பக்கம் ஓட்டலில் விழா வைத்துக் கேடயம் கொடுத்தார்கள். கமலவேணி பட்டுப்புடவையில் மேடையேறி, "கொழந்தைங்க கை எதத் தேடுதுன்னு எனக்குத் தெரியும். அவ்ளோதான் என் தொழில்" என்றாள். நல்ல கைதட்டல். ஜெயத்தையும் கூட்டிக்கொண்டு போய்க் கடைசி வரிசையில் உட்காரவைத்திருந்தாள். கைதட்டலுக்கு நடுவில் எங்கேயோ ஒரு பொம்மை அடுப்பில் விழுந்தது. ஜெயம் வாயைப் பொத்திக்கொண்டு எழுந்து வெளியே ஓடினாள். அந்தக் கூட்டத்தில் பலருக்கு, அவள் பெருமை தாங்காமல் அழுகிறாள் என்றுதான் தோன்றியது.

தாமரைச்செல்வி பள்ளிக்கூடம் விட்டதும் நேராகக் கம்பெனிக்கு வந்துவிடுவாள். பன்னிரண்டு வயதில் அவள் பொம்மை வைத்து விளையாடுகிறவளாக இல்லை. டீப் பந்தயக் கதையை யாரோ அவளிடம் சொல்லியிருந்தார்கள். ஒருநாள் அம்மாவின் அறையில் சாமி படத்துக்கு ஏற்றியிருந்த ஊதுபத்தியை எடுத்து, அங்கே இருந்த ஓர் அம்முவின் நடுவிரலில் வைத்தாள். தடுப்புக்கு அந்தப்பக்கம் டம்ளர் விழுந்து உருளுகிற சத்தம் கேட்டது. தாமரை சிரித்தாள். ஜெயம் வந்து கதவில் நின்றாள்.

"ஏங் கண்ணு?"

"சும்மா பாத்தேன் அத்த."

மறுநாள் மோதிர விரலில் வைத்தாள். அன்றைக்குக் கமலவேணி உள்ளே இருந்தாள், கையில் போன் இருந்தது. போனைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொண்டு மகளைப் பார்த்து, "பேக் பண்ற பீஸ்ல பண்ணாத. ரிஜெக்ட் ஆனது அங்க மூலையில கெடக்கு பார், அத எடுத்துக்க" என்றாள். தடுப்புச் சுவர் பலகைதான். ஜெயத்துக்கு எல்லாம் கேட்டது.

மூன்றாம் நாள் நாலு மணி சுமாருக்கு, மூலையில் கிடந்த ஒரு பொம்மையை எடுத்து வைத்துக்கொண்டு தாமரை ஊதுபத்தியை ஆள்காட்டி விரலுக்குக் கொண்டுபோனாள். இடது கையின் சுண்டு விரலைப் பொம்மையின் உள்ளங்கையில் கொடுத்துப் பிடித்துக்கொண்டிருந்தாள். சுட்டதும் ஜெயம் தன்னை அறியாமல் இல்லாத விரல்களை மடக்கினாள். ஆறு வருஷத்தில் அவளுக்கு அப்படி ஒன்று செய்ய வரும் என்றே தெரியாது. பொம்மையின் மூன்று விரல்களும் தாமரையின் சுண்டு விரலின் மேல் மூடிக்கொண்டன. தாமரை போட்ட சத்தத்தில் ஷெட்டில் மெஷின்களை நிறுத்திவிட்டார்கள்.

கமலவேணி ஓடிவந்து பிரித்துப் பார்த்தாள். முடியவில்லை. சுண்டு விரல் நுனி நீலமாகிக்கொண்டிருந்தது. ஆதிமூலத்தின் பெட்டியிலிருந்து கட்டிங் பிளேயரை எடுத்துக்கொண்டு வந்தபோது ஜெயம் வாசலில் நின்றிருந்தாள். மொட்டைக் கை மார்போடு இறுகி இருந்தது.

"வுடுடி அவள!"

"டைய ஒடைக்கறேன்னு சொல்லு வேணி. வுட்டுடறேன்."

"வெட்டிடுவேன்டி."

"வெட்டு. இது ஒண்ணு. எல்லா ஊருலயும் மூடித்தான் இருக்கு. எல்லாத்தயும் போய் வெட்டுவியா?"

அப்போதுதான் மேஜை மேல் போன் அடித்தது. சேலத்துக் கடைக்காரர். அதை எடுக்குமுன் இன்னொரு போன், திருச்சி. ஷெட்டில் பெண்களின் போன்களும் அடிக்க ஆரம்பித்தன. அவர்கள் வீடுகளிலும் அம்மு இருந்தது. ஜெயம் சொன்னது நிஜம்தான். அவளுக்கு இருந்தது மூன்று விரல்கள். மூடினால் எல்லாப் பொம்மையிலும் மூடும், திறந்தால் எல்லாப் பொம்மையிலும் திறக்கும். ஒன்றை மூடி ஒன்றைத் திறக்க வழியில்லை. கமலவேணி எந்தப் போனையும் எடுக்கவில்லை. கையில் பிளேயரோடு ஜெயத்தின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள், முன்பு கடற்கரையில் வருகிற குடும்பங்களைப் பார்த்த மாதிரி.

ஜெயத்தின் முகம் மாறிக்கொண்டு வந்தது. பிடிபட்ட கைகள் எல்லாம் அவளுக்குள் இழுத்துக்கொண்டிருந்தன. சின்னச் சின்னக் கைகள். சில உதறின. சில வியர்த்து நழுவப் பார்த்தன. சில இழுக்கக்கூடத் தெரியாமல் நடுங்கின. ஒன்று மட்டும் விளையாட்டு என்று நினைத்து இவள் விரலைத் திருப்பி அமுக்கியது. ஜெயம் உதட்டைக் கடித்துக்கொண்டு எவ்வளவோ தாங்கிப் பார்த்தாள். நாலு நிமிஷம்கூட ஆகியிருக்காது. "அய்யோ, அழுவுதுங்களே" என்று சொல்லிக்கொண்டே தரையில் உட்கார்ந்தாள். தாமரையின் விரல் வெளியே வந்தது.

கமலவேணி மகளின் விரலை ஊதித் தடவிவிட்டுப் பிளேயரை மேஜை மேல் வைத்தாள். இனிமேல் ஜெயத்தால் ஒன்றும் செய்ய முடியாது என்பது அவளுக்குத் தெரிந்துவிட்டது. ஜெயத்துக்கும் அது தெரிந்தது. ஷெட்டில் மெஷினைப் போடச் சொல்லிக் கமலவேணி குரல் கொடுத்தாள்.

புகார்கள் வந்தன. ஒரு வாரம் கமலவேணி ஒவ்வொரு கடைக்காரரிடமும் பொறுமையாகப் பேசினாள். பயந்த குழந்தைகள் பாதி. மீதிப் பாதி, அம்மு மறுபடியும் எப்போது கையைப் பிடிக்கும் என்று கேட்டுத் தொல்லை பண்ணுகிறதாம். இதைக் கேட்டுக்கொண்டு வந்து அவள் ஜெயத்தின் எதிரில் உட்கார்ந்தாள்.

"தெனம் நாலு மணிக்குப் புடிச்சிக்க. மெதுவா, வலிக்காம. நாலே காலுக்கு வுட்டுடு. பசங்க ஸ்கூல் வுட்டு வர்ற நேரம். வேலைக்குப் போற அம்மாங்க வீட்ல இருக்க மாட்டாங்க."

"அதுவரைக்கும் யார் வூட்டுல இருப்பாங்க?" என்று ஜெயம் கேட்டாள்.

"யாரும் இல்லதான். அதுக்குத்தான சொல்றேன்."

ஜெயம் ஒத்துக்கொண்டாள். பெட்டியில் 'மாலை நான்கு மணிக்கு உங்கள் செல்லத்தின் கையைப் பிடிக்கும்' என்று அச்சடித்தார்கள். விலை இருநூற்று ஐந்து ஆனது. இப்போது அது ஊரில் வாடிக்கை. மூலக்குளத்தில், ரெட்டியார்பாளையத்தில், நாலு மணி ஆனதும் தெருவில் பிள்ளைகள் சத்தம் அடங்கும். அந்தக் கால் மணி நேரத்தில் பெண்கள் துணியை மடித்து வைக்கிறார்கள், மோட்டார் போடுகிறார்கள். மூன்றே முக்காலுக்கே ஜெயம் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, ஒரு டீயைக் குடித்து முடித்து, மொட்டைக் கையை மடியில் எடுத்து வைத்துக்கொள்கிறாள். ஒருநாள் கடும் ஜுரத்தில் வந்து பிடித்தாள். ஆண்டு விடுமுறை வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டாள். பகல் முழுவதும் கடியும் சூடும் எறும்பும் வழக்கம்போல இருக்கின்றன. நகம் வெட்டுகிற மேஜையில் இப்போது பதினெட்டுப் பெண்கள்.

தாமரைச்செல்வி அந்தச் சம்பவத்துக்குப் பிறகு கம்பெனிக்குள் கால் வைக்கவில்லை. பத்தாவது முடிந்ததும் சென்னையில் ஹாஸ்டலில் சேர்ந்தாள். அவளுக்கு விரல் சுகமாகிவிட்டது, தழும்புகூட இல்லை. விரல் வெளியே வந்ததும் அம்மா போட்ட முதல் சத்தம் மெஷினைப் போடச் சொல்லித்தான் என்பதை மட்டும் அவள் மறக்கவில்லை. கமலவேணி போன் பண்ணினால் ஆமாம், இல்லை, வெச்சிடறேன் என்று மூன்று வார்த்தை. லீவுக்கு வந்தாலும் அம்மா பக்கத்தில் உட்கார்ந்தால் கையை எடுத்து மடிக்குள் வைத்துக்கொள்வாள்.

இந்த வருஷம் பங்குனி மாதத்தில் ஒருநாள் நாலு மணிக்குக் கமலவேணி தன் அறைக் கதவைச் சாத்தித் தாழ் போட்டாள். அலமாரியிலிருந்து ஓர் அம்முவை எடுத்து மேஜை மேல் உட்காரவைத்தாள். கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுத் தன் வலது கையை அதன் கையில் கொடுத்தாள்.

பலகைத் தடுப்புக்கு அந்தப்பக்கம் ஜெயத்துக்கு உடனே தெரிந்தது. மற்றதெல்லாம் பிசுபிசுப்பும் மண்ணுமாகச் சின்னக் கைகள். நடுவில் ஒன்று மட்டும் தோல் தடித்து, இரண்டு மோதிரம் போட்டு, சில்லென்று இருந்தது. யார் கை என்று அவள் யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. அவள் உடம்பு முழுவதும் ஒரு தடவை விறைத்தது. அந்த ஒரு கையை உதறினால் எல்லாக் கையையும் உதற வேண்டும். அவள் கண்ணை மூடிக்கொண்டு அப்படியே பிடித்திருந்தாள். கமலவேணியின் கை முதலில் மரக்கட்டை மாதிரி கிடந்தது. பத்து நிமிஷம் போனதும் மெல்லச் சூடேறியது.

நாலே காலுக்கு ஜெயம் விரல்களை விரித்தாள். பக்கத்து அறையில் தாழ்ப்பாள் திறக்கிற சத்தம் கேட்டது. கமலவேணி வெளியே வந்து, பெங்களூர் லாரி வந்துவிட்டதா என்று ஆதிமூலத்திடம் கேட்டாள். வந்துவிட்டது, பாதி ஏற்றியாகிவிட்டது என்றான். மறுநாளும் நாலு மணிக்கு அவள் கதவைத் தாழ் போட்டாள். அதற்கு மறுநாளும் போட்டாள். இப்போதெல்லாம் அந்த நேரத்தில் அவளைப் பார்க்க யார் வந்தாலும், மேடம் கால் மணி நேரம் பிசி என்று சொல்லிப் பெஞ்சில் உட்காரவைக்கிறார்கள்.